பொழிமுகம்

விண்ணரசி கேமராவை நட்டு வைத்துவிட்டு
இரண்டடி பின்னால் போய் நிற்பாள்,
மாட்டை மேயவிட்டவள் போல.
பிறகு தொட மாட்டாள்.

என் வேலை காது.
மணக்குடிக் காயலின் ஓரத்தில்
சேற்றுக்கு ஒரு முழம் மேலே மைக்கைப் பிடித்துக்கொண்டு
மூச்சை எங்கே வைப்பது என்று தெரியாமல் குந்தியிருப்பது.

முதல் நாள் பதிவில்
சேறு குமிழி விடும் சத்தம்,
பாலத்தில் ஒரு பஸ்,
அக்கரையில் கோயில் மணி,
என் வயிறு.
"வயிறு கிடக்கட்டும்" என்றாள்.
"பசியோடதானே பார்த்தோம்."

ஐப்பசி. பொழி அடைந்து கிடந்தது.
பழையாறு வந்து வந்து
மணல் திட்டில் முட்டி நின்றது.
அந்தப் பக்கம் கடல், இருபது எட்டுதான்.
தானாக உடையும் இரவுக்காக
நாற்பது நாளாகக் காத்திருந்தோம்.
அதுவரை அவள் எடுத்ததெல்லாம்
கண்டல் வேருக்கு அடியில் ஒரு நண்டு வளை,
பக்கத்தில் சேற்றில் நிற்கும் ஒரு கம்பு.
நண்டு வரும். மண் உருண்டை ஒன்றைக் கொண்டுவந்து வைக்கும்.
கண்ணைத் துடைத்துக்கொள்ளும்.
போய்விடும்.

பதினோரு நிமிடத் துண்டைச் சென்னைக்கு அனுப்பினாள்.
போன் வந்தது.
பூநாரை எங்கே, ட்ரோன் எங்கே,
ஒன்றை ஒன்று தின்னும் இடம் எங்கே?
"நண்டு நாளைக்கும் வரும்" என்று மட்டும் சொன்னாள்.
அவர்கள் கேட்டதற்கு அது பதிலா என்று
இன்றுவரை எனக்குத் தெரியாது.

வள்ளம் தந்த ததேயு அண்ணனுக்கும் பொறுக்கவில்லை.
"எதுக்குப் பிள்ளே இதப் புடிக்க? ஒண்ணும் நடக்கல்லியே."
அவள் விலகி, கேமராவைக் கைகாட்டினாள்.
ஒரு பீடி நேரம் குனிந்து பார்த்தார்.
நிமிர்ந்தபோது முகம் மாறியிருந்தது.
"காலத்த அந்தக் கம்பு ரெண்டு விரல் கூட வெளிய நின்னுது.
வெள்ளம் ஏறுது.
இன்னும் ரெண்டு நாளு இப்படிக் கிடந்தா
தெங்கம்புதூரு வயலு முங்கும்."
கும்பப்பூ நாற்று நட்டு எட்டு நாள்கூட ஆகவில்லை அங்கே.

மறுநாள் விடியுமுன் மண்வெட்டிகள் வந்தன.
பிறகு ஒரு ஜேசிபி.
"வெட்டு! வெட்டு!" என்று யாரோ கத்த
விண்ணரசி சட்டென்று திரும்பினாள்,
தன்னிடம்தான் சொல்கிறார்கள் என்று.

தானாக உடைய வேண்டும் என்று ஆசைப்பட்டவள்.
கோபம் வந்திருக்கலாம்.
நாற்றை நினைத்து வெட்கமும் வந்திருக்கலாம்.
கேட்கவில்லை நான்.

முதலில் கையகலம் ஒரு வாய்க்கால்.
கடல் அதை நக்கிப் பார்த்தது.
அப்புறம் இடுப்பளவு, அப்புறம்
திட்டே சரிந்து காயல் முழுசும் எழுந்து ஓடியது.
ஊரே பொழியில் நின்று போனை உயர்த்தியது.
அவள் மட்டும் முதுகைக் காட்டிக்கொண்டு
கம்பைப் பார்த்து நின்றாள்.

படத்தில் கடல் இல்லை.
கடல் என் பொறுப்பு.
காதைக் கிழிக்கும் அந்த இரைச்சலுக்கு அடியில்
ஒரு கம்பு,
ஈரக்கோடு கோடாக,
மெல்ல உயரமாகிறது. அவ்வளவுதான்.
நண்டு அன்று வரவில்லை.
பத்தொன்பது நிமிடம்.

பங்குக் கூடத்தில் வெள்ளைத் துணி கட்டிப் போட்டோம்.
பிள்ளைகள் மூன்றாம் நிமிடத்தில் வெளியே ஓடி
வாசலில் பந்து ஆடினார்கள்.
கடைசியில் ஏழெட்டுப் பேர் மிச்சம்.
விளக்கு வந்ததும் ததேயு அண்ணன் தொண்டையைச் செருமினார்.
"அந்தக் கம்பு நாங் குத்துனது."
யாரும் பேசவில்லை.
"வருசா வருசம் குத்துவேன். வெள்ளம் பாக்க.
நீங்க வாறதுக்கு மின்னயே நின்னுது."

விண்ணரசி சிரித்தாளா அழுதாளா,
இருட்டு வாசலில் சரியாகத் தெரியவில்லை.
அடுத்த வாரம்
பெயர்ப் பட்டியலில் ஒளிப்பதிவுக்குக் கீழே, ஒலிக்கு மேலே
ஒரு வரி ஏறியிருந்தது:
கம்பு — ததேயு.

எனக்கு மேலே.
நியாயம்தான்.